வாரிசு வேலை: தருமபுரி, கிருஷ்ணகிரி குடும்பங்களுக்கு முதல் வாரத்திலிருந்து பணி வரன்முறை வரை ஒரு முழு வழிகாட்டி

அரசு வேலையில் இருந்தவர் பணிக்காலத்திலேயே இறந்துவிட்டால் குடும்பத்தில் ஒருவருக்கு வேலை கேட்கலாம் என்பது நம் பக்கத்தில் எல்லோருக்கும் தெரியும். துக்கத்துக்கு வந்தவர்களில் யாராவது ஒருவர் கருமாதிக்குள் சொல்லிவிடுவார், "வாரிசு வேலை இருக்கு, கவலைப்படாதம்மா" என்று. அந்த ஆறுதலோடு பேச்சு நின்றுவிடும். யாரிடம் கேட்பது, எதற்குள் கேட்பது, வீட்டில் யார் பெயரில் கேட்பது என்று யாரும் சொல்வதில்லை. அலுவலகத்தில் இந்தக் கோப்புகளைப் பல வருஷம் கையாண்டவன் நான். தகுதி இல்லாமல் வேலை கிடைக்காமல் போனவர்களைவிட, தேதி தவறியதாலும் வீட்டுக்குள் முடிவெடுக்க முடியாததாலும் வேலையை இழந்தவர்களைத்தான் அதிகம் பார்த்திருக்கிறேன். அதனால் அந்த இரண்டுக்கும் இங்கே அதிக இடம் கொடுத்திருக்கிறேன்.

உங்களுக்கு எந்த விதி பொருந்தும்?

இறந்தவர் யாரிடம் சம்பளம் வாங்கினார் என்பதை வைத்துத்தான் எல்லாமே. வருவாய்த் துறை, பள்ளிக் கல்வி, சுகாதாரம், ஊரக வளர்ச்சி என்று தமிழ்நாடு அரசுத் துறை ஊழியர் என்றால் (வாரிசு வேலையை அரசுத் தாள்களில் கருணை அடிப்படையிலான நியமனம் என்பார்கள்), தமிழ்நாடு குடிமைப் பணிகள் கருணை அடிப்படையிலான பணி நியமன விதிகள், 2023 பொருந்தும். தொழிலாளர் நலன் மற்றும் திறன் மேம்பாட்டுத் துறை, அரசாணை எண் 33, நாள் 8.3.2023. இந்த எண்ணை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் கடிதம் எழுதும்போது உதவும். அதற்கு முன்னால் 1970-களிலிருந்து அரசாணை மேல் அரசாணையாக வந்து, 23.1.2020 தேதியிட்ட அரசாணை எண் 18 அவற்றையெல்லாம் ஒன்றாகத் தொகுத்தது. பழைய அரசாணையின் ஜெராக்ஸைக் கையில் வைத்துக்கொண்டு "இதில் இப்படித்தானே இருக்கு" என்று வாதாடுகிறவர்கள் உண்டு. அலுவலகம் இப்போது நடப்பில் இருக்கும் விதியைத்தான் பார்க்கும்.

அரசுப் போக்குவரத்துக் கழகத்தின் சேலம் கோட்டம், தருமபுரி மண்டலத்தில் வேலை பார்த்தவர் என்றால் கழகத்தின் சொந்த நடைமுறை. மின்வாரியத்துக்கும் அப்படியே. சத்துணவு ஊழியர்களுக்குத் தனி ஆணைகள். இந்த அலுவலகங்களுக்குப் போய் அரசாணை 33-ஐ நீட்டினால் "எங்களுக்கு இது பொருந்தாது" என்று ஒரே வரியில் திருப்பிவிடுவார்கள். பொருந்தும் ஆணை எது என்று அங்கேயே எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

ரயில்வே குடும்பங்களுக்கு ஒரு விஷயம். தருமபுரி, ஓசூர் நிலையங்கள் தென்மேற்கு ரயில்வேயின் பெங்களூரு கோட்டத்தில் வருகின்றன. அங்கே வேலை பார்த்தவருடைய கோப்பு பெங்களூருவில் இருக்கும். சேலம் கோட்ட அலுவலகத்துக்கு அலைந்து பயனில்லை. ரயில்வேயில் கால வரம்பைத் தளர்த்தும் அதிகாரம் பொது மேலாளருக்கு இருப்பதால், பிள்ளைகள் சிறியவர்களாக இருந்தாலும் அங்கே கதவு முழுதாக மூடிவிடாது. தபால் துறை போன்ற மற்ற மத்திய அலுவலகங்களில் நேரடி நியமனத்துக்கான சி பிரிவு இடங்களில் 5 சதவீதம்தான் கருணை நியமனத்துக்கு. யார் குடும்பம் அதிகக் கஷ்டத்தில் இருக்கிறது என்று மதிப்பெண் போட்டுத்தான் தேர்ந்தெடுக்கிறார்கள், அதனால் அங்கே கடன், சிறு பிள்ளைகள், திருமணமாகாத பெண்கள், சொந்த வீடு இல்லாதது என ஒவ்வொன்றுக்கும் ஆதாரம் வைப்பது மிக முக்கியம். பொதுத்துறை வங்கிகளில் வேலைக்குப் பதிலாக ஒரு தொகை வாங்கிக்கொள்ளும் வழியும் உண்டு.

இனி நான் எழுதுவது பெரும்பாலும் தமிழ்நாடு அரசுத் துறைகளைப் பற்றி.

3 வருஷம் என்றால் 3 வருஷம்தான்

விண்ணப்பம் இறந்த தேதியிலிருந்து 3 ஆண்டுக்குள் அலுவலகத்துக்கு வந்து சேர வேண்டும். வாரிசுச் சான்று கிடைத்த தேதியிலிருந்தோ ஓய்வூதியம் தொடங்கிய தேதியிலிருந்தோ எண்ண மாட்டார்கள்.

பையன் பத்தாவது படிக்கிறான், பெரியவனாகட்டும், பட்டம் வாங்கட்டும், அப்புறம் நல்ல வேலையாகக் கேட்டுக்கொள்ளலாம் என்று காத்திருக்கும் தாய்மார்களை நினைத்தால்தான் எனக்கு மனசு கேட்பதில்லை. பையனுக்காக அரசு ஓர் இடத்தை ஒதுக்கி வைத்திருக்காது. அந்த 3 வருஷத்துக்குள் அவனுக்கு 18 முடிகிறதா என்று மட்டும் பாருங்கள். முடிகிறது என்றால் முடிந்த கையோடு விண்ணப்பிக்கலாம். முடியவில்லை என்றால் தாய்தான் கேட்க வேண்டும், வேறு வழி இல்லை. இந்த நியமனம் ஓர் உரிமை அல்ல, சம்பாதித்தவர் திடீரென்று போனதால் குடும்பம் தவிக்கும்போது கைகொடுக்க வந்த ஏற்பாடு என்று உச்ச நீதிமன்றம் 1994-ல் உமேஷ் குமார் நாக்பால் வழக்கில் சொன்னது. இன்றுவரை எல்லாத் தீர்ப்புகளும் அந்த அடிப்படையில்தான் நிற்கின்றன. 2023-ல் மேற்கு வங்க அரசு தொடர்பான தேபப்ரதா திவாரி வழக்கிலும், வருஷங்கள் ஓடிவிட்டால் அந்த அவசரத் தேவையே இல்லாமல் போய்விடுகிறது என்ற கோணத்தில்தான் தாமதத்தைப் பார்த்தார்கள்.

யார் கேட்கலாம்?

மனைவி அல்லது கணவர், மகன், மகள், சட்டப்படி தத்தெடுத்த பிள்ளை. ஊழியர் திருமணமாகாமல் இறந்திருந்தால் உடன்பிறந்தவர்கள். திருமணமானவர் இறந்து மனைவி, பிள்ளைகள் இருக்கும்போது "தம்பிக்கு வாங்கிக்கலாம்" என்று மாமனார் வீட்டில் ஒரு பேச்சு கிளம்பும், அதற்கு விதியில் இடமில்லை. திருமணமான மகள் என்ற ஒரே காரணத்துக்காக ஒரு பெண்ணை ஒதுக்குவது சரியில்லை என்று சென்னை உயர் நீதிமன்றம் உட்பட நீதிமன்றங்கள் சொல்லியிருக்கின்றன, அதனால் மகளுக்குக் கல்யாணமாகிவிட்டதே என்று நீங்களாகவே பெயரை விட்டுவிடாதீர்கள். இரண்டாம் மனைவியின் பிள்ளை என்பதற்காக மட்டும் மறுக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2018-லும் 2022-லும் ரயில்வே சம்பந்தப்பட்ட வழக்குகளில் தீர்ப்பளித்திருக்கிறது.

வயது வரம்பு மனைவிக்கும் கணவருக்கும் 50. பிள்ளைகளுக்கு அதைவிடக் குறைவு. வேலை சி, டி பிரிவுகளில் மட்டும்தான், அதாவது இளநிலை உதவியாளர், தட்டச்சர், பதிவறை எழுத்தர், அலுவலக உதவியாளர், காவலர் போன்ற பணிகள். இறந்தவர் தலைமை ஆசிரியராக இருந்தாலும் தாசில்தாராக இருந்தாலும் இதுதான். பத்தாவது தேறியிருந்தால் இளநிலை உதவியாளருக்குப் பார்ப்பார்கள், அடிப்படைச் சம்பளம் 19,500-ல் தொடங்கும். எட்டாவது என்றால் அலுவலக உதவியாளர், 15,700-ல் தொடங்கும்.

குடும்பத்தில் ஏற்கெனவே ஒருவர் வேலையில் இருந்தால்? அவர் இந்தக் குடும்பத்தைத் தாங்கிக்கொண்டிருந்தால் விண்ணப்பம் நிற்காது. கல்யாணமாகித் தனிக்குடித்தனம் போய்விட்டார், இங்கே பணம் தருவதில்லை என்றால் அதை ரேஷன் அட்டை, வேறு முகவரி, விஏஓ (கிராம நிர்வாக அலுவலர்) விசாரணை அறிக்கை மூலம் காட்ட வேண்டும். மூத்த மகன் ஓசூரில் கம்பெனி வேலையில் இருக்கிறான், குடும்பத்தோடு பாகலூர் பக்கம் வாடகை வீட்டில் இருக்கிறான், ஆனால் பெயர் இன்னும் அம்மா ரேஷன் அட்டையிலேயே இருக்கிறது என்பது நம் பக்கத்தில் சாதாரணம். விசாரணைக்கு வருகிறவர் கண்ணில் முதலில் படுவது அந்த அட்டைதான்.

யார் பெயரில் கேட்பது: வீட்டுக்குள் முடிக்க வேண்டிய வேலை

பதினாறாம் நாள் முடிந்ததும் எல்லோரும் ஒன்றாக உட்காருங்கள். இறந்தவரின் அம்மா உயிரோடு இருந்தால் அவரையும் சேர்த்து. இந்து வாரிசுரிமைச் சட்டப்படி இறந்த ஆணின் தாயும் முதல் வகுப்பு வாரிசு, வாரிசுச் சான்றில் அவர் பெயரும் வரும், ஆட்சேபணை இல்லை என்று அவர் கையெழுத்தும் வேண்டும். மருமகளும் மாமியாரும் பேசிக்கொள்ளாத வீடுகளில் கோப்பு நிற்பது இந்த ஓர் இடத்தில்தான். சொத்து, ஓய்வூதியம், வேலை மூன்றையும் ஒரே பேச்சில் போட்டுக் குழப்பாமல், வேலைக்கு மட்டும் தனியாகப் பேசி முடியுங்கள். வேலைக்குப் போகிறவர் மாமியாரையும் பார்த்துக்கொள்வார் என்பதை எல்லோர் முன்னிலையிலும் சொல்லிவிட்டால் பாதிப் பிரச்சினை தீரும். அலுவலகத்திலும் குடும்பத்தினரைப் பராமரிப்பேன் என்று உறுதிமொழி எழுதி வாங்குவார்கள், வெறும் பேச்சோடு போவதில்லை.

தாயா, பிள்ளையா? என் கருத்தை நேராகவே சொல்கிறேன். தாய்க்கு 45-க்குள் வயது, எட்டாவதோ பத்தாவதோ படித்திருக்கிறார், பிள்ளைகள் இன்னும் படிக்கிறார்கள் என்றால் தாய் கேட்பதுதான் நல்லது. பிள்ளைகள் படிப்பை முடித்துத் தேர்வு எழுதி அவரவர் வழியில் போகட்டும். தாய்க்கு 48, 49 என்றால் காலியிடத்துக்காகக் காத்திருக்கும் காலத்தில் வயது சிக்கலாகலாம், அப்போது 18 தாண்டிய மகனோ மகளோ கேட்கட்டும். "நான் எப்படிங்க ஆபீஸ்ல போய் உட்காருவேன், எனக்கு ஒண்ணும் தெரியாதே" என்று சொல்லிப் பின்வாங்கும் பெண்களுக்கு: வீட்டை விட்டு அதிகம் வெளியே போகாதவர்கள் அலுவலக உதவியாளராகச் சேர்ந்து, பிறகு பத்தாவது எழுதித் தேறி, பதவி உயர்வில் மேலே போயிருக்கிறார்கள். பயப்பட வேண்டியதில்லை.

இன்னொரு பயம், மனைவி வேலைக்குப் போனால் குடும்ப ஓய்வூதியம் நின்றுவிடும் என்பது. வேலைக்குப் போவதால் நிற்காது. மறுமணம் செய்தால் நிற்கும்.

ஒருவர் பெயரைக் கொடுத்துவிட்டு இரண்டு வருஷம் கழித்து "அக்காவுக்கு வேண்டாம், தம்பிக்குக் கொடுங்க" என்று மாற்றக் கேட்டால், அதைப் புது விண்ணப்பமாகத்தான் பார்ப்பார்கள். 3 வருஷம் தாண்டியிருந்தால் அங்கேயே முடிந்தது. அதனால்தான் முதல் முடிவு இவ்வளவு முக்கியம்.

சான்றுகள்: எங்கே சிக்கும், எப்படித் தவிர்ப்பது?

முதலில் இறப்புச் சான்று. இறப்பு எந்த ஊரில் நடந்ததோ அங்கேதான் பதிவாகும், 21 நாளைக்குள் பதிவது இலவசம். ஓசூர், சூளகிரி, கிருஷ்ணகிரி, பாலக்கோடு பக்கம் பெரிய நோய் என்றால் பெங்களூருக்குத்தான் கொண்டு போகிறோம், அங்கே இறந்தால் சான்று கர்நாடகத்தில் பதிவாகும், கன்னடத்திலும் ஆங்கிலத்திலும் வரும். மருத்துவமனையில் சேர்க்கும்போது அவசரத்தில் யாரோ சொன்ன பெயர், யாரோ எழுதிய எழுத்துக்கூட்டல் அப்படியே சான்றில் ஏறிவிடும். பணிப்பதிவேட்டில் "மு. கோவிந்தசாமி" என்று இருப்பவர் அங்கே "கோவிந்தஸ்வாமி எம்" என்று வருவார், அப்பா பெயர் இருக்க வேண்டிய இடத்தில் வெறும் எழுத்து மட்டும் இருக்கும், முகவரியில் கிருஷ்ணகிரி என்பதற்குப் பதில் மருத்துவமனைப் பக்கத்தில் தங்கியிருந்த உறவினர் வீட்டு முகவரி இருக்கும். உடலை வாங்கும் நேரத்தில் யாரும் இதைக் கவனிக்கும் மனநிலையில் இருக்க மாட்டார்கள், அது இயல்புதான். ஆனால் கூட இருக்கும் மைத்துனரோ பெரியப்பாவோ ஒருவர் ஆதார் அட்டையைக் கையில் வைத்துக்கொண்டு மருத்துவமனைப் படிவத்தில் பெயரை எழுத்து எழுத்தாகச் சரிபார்த்துவிட்டால், பின்னால் பல மாத அலைச்சல் மிச்சம். தவறு வந்துவிட்டால் அந்த ஊர்ப் பதிவாளரிடம்தான் திருத்த முடியும். சின்ன எழுத்து வேறுபாடு என்றால் வட்டாட்சியரிடம் ஒரே நபர் சான்று வாங்கிச் சேர்க்கலாம்.

அடுத்தது வாரிசுச் சான்று. இ-சேவை மையத்தில் விண்ணப்பித்தால் விஏஓ, ஆர்ஐ (வருவாய் ஆய்வாளர்) விசாரணை முடிந்து வட்டாட்சியர் அலுவலகத்திலிருந்து வரும். விஏஓ விசாரணைக்கு வரும்போது அக்கம்பக்கத்தில் விவரம் தெரிந்த இரண்டு பேரை வீட்டில் இருக்கச் சொல்லுங்கள். இரண்டு திருமணம், பிரிந்து போன மனைவி என்று தகராறு இருந்தால் வட்டாட்சியர் உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகச் சொல்லிவிடுவார். அப்படி ஆனால் வழக்கை ஒரு பக்கம் நடத்துங்கள், விண்ணப்பத்தை இன்னொரு பக்கம் 3 வருஷத்துக்குள் கொடுத்துவிடுங்கள். தீர்ப்பு வரட்டும் என்று காத்திருக்கக் கூடாது.

மற்றவை வட்டாட்சியரிடம் வாங்க வேண்டியவை: குடும்பம் வறிய நிலையில் இருக்கிறது என்ற சான்று, மனைவி என்றால் மறுமணம் செய்துகொள்ளவில்லை என்ற சான்று, குடும்பத்தில் யாரும் அரசுப் பணியில் இல்லை என்ற சான்று, அசையும் அசையாச் சொத்து விவரம். வறிய நிலை என்றால் கூரை வீடாக இருக்க வேண்டும் என்று நினைத்துப் பலர் தயங்குகிறார்கள். காரிமங்கலம் பக்கம் ஒரு ஏக்கர் மானாவாரி நிலம், மழை பெய்தால் நிலக்கடலை, இல்லையென்றால் ஒன்றுமில்லை, இதெல்லாம் தடையாகாது. நிலத்தை மறைப்பதுதான் தப்பு. பட்டா எண்ணோடு எழுதி, வருமானம் எவ்வளவு என்று உள்ளபடி சொல்லுங்கள். வீட்டுக் கடன், மருத்துவச் செலவுக்கு வாங்கிய நகைக்கடன் ரசீது எல்லாவற்றையும் காட்டுங்கள்.

மற்ற வாரிசுகளின் ஆட்சேபணையின்மை உறுதிமொழியை முத்திரைத்தாளில் எழுதி நோட்டரி கையெழுத்தோடு வையுங்கள். விண்ணப்பதாரரின் கல்விச் சான்று, மாற்றுச் சான்றிதழ், சாதிச் சான்று, ஆதார், குடும்ப அட்டை. எல்லாவற்றிலும் பெயரும் பிறந்த தேதியும் ஒன்றாக இருக்கிறதா என்று ஒரே நாளில் மேஜைமேல் பரப்பி வைத்துப் பாருங்கள்.

இன்னொன்று, கிருஷ்ணகிரி மாவட்டம் 2004 பிப்ரவரி 9-ல்தான் தருமபுரியிலிருந்து பிரிந்தது. அதற்கு முன்னால் பணியில் சேர்ந்து பிறகு கிருஷ்ணகிரியில் வேலை பார்த்தவர்களுக்கு ஆரம்பகால நியமனக் கோப்பு தருமபுரி அலுவலகத்தில் இருக்க வாய்ப்பு அதிகம். பணிப்பதிவேட்டில் ஏதாவது பதிவு விடுபட்டிருந்தால் அங்கே தேடச் சொல்லிக் கேளுங்கள்.

விண்ணப்பம் எழுதிக் கொடுப்பது

கடைசியாக வேலை பார்த்த அலுவலகத்தின் தலைவருக்கு எழுதுங்கள். ஒன்றியப் பள்ளி ஆசிரியர் என்றால் வட்டாரக் கல்வி அலுவலர், ஆரம்ப சுகாதார நிலையம் என்றால் அதன் மருத்துவ அலுவலர், இப்படி. அவர்தான் நியமன அதிகாரிக்கு அனுப்புவார். அலுவலகத்தில் படிவம் கொடுப்பார்கள், அதோடு ஒரு தனிக் கடிதமும் வையுங்கள். நீளமாக வேண்டாம். இப்படி இருந்தால் போதும்:

"ஐயா, தங்கள் அலுவலகத்தில் இளநிலை உதவியாளராகப் பணிபுரிந்த என் கணவர் திரு. ______ அவர்கள் ______ அன்று பணியில் இருக்கும்போதே காலமானார். எங்கள் குடும்பத்தில் வேறு யாரும் வேலையில் இல்லை. எனக்கு இரண்டு பெண் பிள்ளைகள், இருவரும் படிக்கிறார்கள். நான் பத்தாம் வகுப்பு தேர்ச்சி பெற்றுள்ளேன். அரசாணை எண் 33, நாள் 8.3.2023-ன்படி என் தகுதிக்கேற்ற பணியைக் கருணை அடிப்படையில் வழங்குமாறு கேட்டுக்கொள்கிறேன். வாரிசுச் சான்றுக்கு ______ அன்று விண்ணப்பித்துள்ளேன், கிடைத்தவுடன் சமர்ப்பிக்கிறேன். இணைத்துள்ள ஆவணங்கள்: ..."

அந்தக் கடைசிக்கு முந்தின வரியைக் கவனியுங்கள். ஒரு சான்று தாமதமாகிறது என்பதற்காக விண்ணப்பத்தையே தள்ளிப்போடாதீர்கள். எது வரவில்லையோ அதைச் சொல்லிவிட்டுக் கொடுங்கள்.

தபால் பிரிவில் கொடுத்து, உங்கள் நகலில் தேதியோடு முத்திரை வாங்காமல் வெளியே வராதீர்கள். "வெச்சிட்டுப் போங்கம்மா, பார்த்துக்கறோம்" என்றால் மரியாதையாகவே, "சார், ஒரு சீல் மட்டும் போட்டுக் கொடுங்க" என்று நில்லுங்கள். தராவிட்டால் அன்றே விரைவுத் தபாலில் (ஸ்பீட் போஸ்ட்) அனுப்பி, சேர்ந்ததற்கான ஒப்புகையை வாங்கி வையுங்கள். இணையத்தில் பதியச் சொன்னால் பதிந்து அந்த ஒப்புகையையும் அச்சிட்டு வையுங்கள். சில நாள் கழித்துப் போய் ந.க. எண்ணை, அதாவது உங்கள் கோப்புக்கு அலுவலகம் போட்ட எண்ணைக் கேட்டு வாங்குங்கள். இனி நீங்கள் எழுதும் ஒவ்வொரு கடிதத்திலும் அந்த எண் இருக்க வேண்டும், இல்லையென்றால் ஒவ்வொன்றும் தனித்தாளாக எங்கோ போய்ச் சேரும்.

காத்திருக்கும் காலம்

துறையில் காலியிடம் இருந்தால் அங்கேயே. இல்லையென்றால் மாவட்ட ஆட்சியர் வழியாக வேறு துறைக்குப் போகும். கணவர் கல்வித் துறையில் இருந்தார், மனைவிக்கு வருவாய்த் துறையில் பென்னாகரத்திலோ ஊத்தங்கரையிலோ வேலை வந்தது என்றால் ஆச்சரியப்படாதீர்கள். வேறு துறைக்கும் வேறு வட்டத்துக்கும் சம்மதம் என்று எழுதிக் கொடுத்தவர்களுக்கு வழி அதிகம்.

காத்திருப்பவர்களின் முன்னுரிமைப் பட்டியலில் உங்கள் பெயர் எங்கே நிற்கிறது என்று தெரிய தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். 10 ரூபாய் நீதிமன்ற வில்லை ஒட்டி, பொதுத் தகவல் அலுவலருக்கு. "எனக்கு ஏன் வேலை தரவில்லை" என்று கேட்டால் பதில் வராது, காரணம் கேட்பது தகவல் ஆகாது என்பார்கள். இப்படிக் கேளுங்கள்: என் விண்ணப்பம் முன்னுரிமைப் பட்டியலில் எத்தனையாவது இடத்தில் உள்ளது, கடைசியாகக் கருணை அடிப்படையில் நியமிக்கப்பட்டவரின் விண்ணப்பத் தேதி என்ன, என் தகுதிக்கான பணியிடங்களில் இன்றைய தேதியில் காலியிடம் எத்தனை. 30 நாளில் பதில் வர வேண்டும், வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. திங்கள்கிழமை ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் குறைதீர்க்கும் கூட்டத்திலும் மனு கொடுக்கலாம், ஆனால் ந.க. எண் இல்லாத மனு சுற்றிச் சுற்றி அதே பிரிவுக்குத்தான் வரும்.

இதற்கிடையில் குடும்பம் சாப்பிட வேண்டுமே. குடும்பப் பாதுகாப்பு நிதியாக 5 லட்சம் ரூபாய் வரும், 2021-ல்தான் 3 லட்சத்திலிருந்து உயர்த்துவதாக அறிவித்தார்கள். அதற்கும் வாரிசு விண்ணப்பத்துக்கும் சம்பந்தம் இல்லை, உடனே கேளுங்கள். வருங்கால வைப்பு நிதி, ஈட்டிய விடுப்பு ஊதியம், பணிக்கொடை ஆகியவற்றுக்கும் அதே வாரத்தில் எழுதுங்கள். 1.4.2003-க்கு முன் சேர்ந்தவர் என்றால் குடும்ப ஓய்வூதியம், அதற்குப் பின் சேர்ந்து பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தில் இருந்தவர் என்றால் அவர் கட்டியதும் அரசு சேர்த்ததும் வட்டியோடு. இந்தப் பணம் வாங்கினால் வேலை கிடைக்காது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

சாலை விபத்து என்றால், தொப்பூர் கணவாய் இருக்கும் மாவட்டத்தில் இதைச் சொல்லாமல் விட முடியாது, மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டு வழக்கைத் தாமதிக்காமல் போடுங்கள். கருணை வேலையில் வரும் சம்பளத்தை இழப்பீட்டில் கழிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2013-ல் விமல் கன்வர் வழக்கில் சொல்லியிருக்கிறது. இரண்டும் தனித்தனி.

பணம் கேட்பவர்கள்

"மெட்ராஸ்ல ஆள் இருக்காங்க, ரெண்டு லட்சம் கொடுத்தா ஆர்டர் கையில" என்று ஒருவர் கட்டாயம் வருவார். இறந்தவருக்கு வந்த பணம் வங்கியில் இருக்கிறது என்று தெரிந்துகொண்டுதான் வருவார், சில நேரம் சொந்தக்காரர் மூலமாகவே வருவார். பட்டியலில் உங்கள் இடத்தை அவர் மாற்ற முடியாது. பட்டியல் நகர்ந்து உங்கள் முறை தானாக வரும்போது, தான் வாங்கிக் கொடுத்ததாகச் சொல்லிக்கொள்வார், வராவிட்டால் தொலைபேசியை எடுக்க மாட்டார். பிள்ளைகள் படிப்புக்கு இருக்கும் ஒரே பணம் அது. கொடுக்காதீர்கள். அலுவலகத்துக்குள்ளேயே யாராவது கேட்டால் லஞ்ச ஒழிப்புத் துறையிடம் சொல்லுங்கள், தருமபுரியிலும் கிருஷ்ணகிரியிலும் அவர்களுக்கு அலுவலகம் இருக்கிறது.

மறுத்துவிட்டால்

வாயால் சொல்லும் மறுப்பை ஏற்றுக்கொள்ளாதீர்கள். எழுத்தில் கேளுங்கள். அந்த ஆணையில் காரணம் இருக்கும், காரணத்தைப் பொறுத்துத்தான் அடுத்த அடி. சான்று குறை என்றால் சான்றைச் சேர்த்து மறுபரிசீலனை கேட்கலாம். வேலையில் இருக்கும் உறுப்பினர் காரணம் என்றால் தனிக்குடித்தன ஆதாரத்தோடு மேலதிகாரிக்கு எழுதலாம். தாமதம் என்று சொல்லி, உங்களிடம் 3 வருஷத்துக்குள் சீல் போட்ட நகல் இருந்தால் அதைக் காட்டுங்கள், அந்த ஒரு தாள்தான் அப்போது பேசும். உண்மையிலேயே 3 வருஷம் தாண்டிக் கேட்டிருந்தால், நீதிமன்றம் போனாலும் வெல்வது மிகக் கடினம் என்பதை இப்போதே சொல்லிவிடுகிறேன்.

நம் இரண்டு மாவட்டங்களுக்கும் சென்னை உயர் நீதிமன்றத்தின் முதன்மை அமர்வுதான், மறுப்பு ஆணையை எதிர்த்துப் போடும் ரிட் மனு அங்கே. வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் இல்லை என்று நிற்க வேண்டாம். மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் பெண்களுக்கு, வருமானம் எவ்வளவாக இருந்தாலும், இலவச சட்ட உதவி உண்டு. உயர் நீதிமன்ற வழக்குக்கு அங்கேயே வழிகாட்டுவார்கள்.

ஆணை வந்த பிறகு

ஆணையில் குறிப்பிட்ட காலத்துக்குள் சேருங்கள். தூரமாக இருக்கிறது என்று மறுத்தால் இன்னொரு வாய்ப்பு வரும் என்று எண்ண வேண்டாம். சேர்ந்த பிறகு இடமாறுதல் கேட்கலாம்.

சேர்ந்துவிட்டால் முடிந்தது என்று நினைத்து விடுகிறார்கள், பணி வரன்முறை, அதாவது நியமனத்தை முறைப்படுத்தும் ஆணை, வரும்வரை கோப்பு முடியவில்லை. கல்விச் சான்றின் உண்மைத்தன்மை அறிக்கை வர வேண்டும், அதற்கு உங்கள் அலுவலகம் தேர்வுத் துறைக்கு எழுதியதா என்று முதல் மாதத்திலேயே பிரிவு எழுத்தரிடம் கேளுங்கள். இளநிலை உதவியாளர் என்றால் பவானிசாகரில் அரசுப் பணியாளர்களுக்கான அடிப்படைப் பயிற்சி உண்டு, கைக்குழந்தை இருக்கிறது என்று தள்ளிப்போட்டுக்கொண்டே போனால் தகுதிகாண் பருவமும் பதவி உயர்வும் தள்ளிப்போகும். தட்டச்சர் என்றால் தட்டச்சுத் தேர்ச்சி. ஓசூர், தேன்கனிக்கோட்டை, வேப்பனப்பள்ளி பக்கம் தெலுங்கு, கன்னடம், உருது வழியில் பள்ளிப் படிப்பை முடித்தவர்கள் அரசுப் பணியாளர் தேர்வாணையம் நடத்தும் தமிழ் மொழித் தேர்வை 2 வருஷத்துக்குள் தேற வேண்டியிருக்கும். வீட்டில் தெலுங்கு, வெளியில் நல்ல தமிழ் என்று சரளமாகப் பேசுகிறவர்கள்கூட எழுத்துத் தேர்வைச் சாதாரணமாக எடுத்துக்கொண்டு தவறவிடுகிறார்கள். சேர்ந்த வருஷமே விண்ணப்பியுங்கள், நான்காம் வகுப்பு தமிழ்ப் பாடப் புத்தகத்திலிருந்து தொடங்கி தினமும் ஒரு பக்கம் எழுதிப் பழகுங்கள்.

வாங்கிய எல்லாச் சான்றுகளின் மூலங்களையும் வரன்முறை ஆணை கையில் வரும்வரை யாரிடமும் கொடுக்காதீர்கள், அலுவலகம் சரிபார்க்கக் கேட்டால் காட்டிவிட்டு அன்றே திரும்ப வாங்கிக்கொள்ளுங்கள்.